படம் பாதியில் நிற்க, வெளியேறிய கதாநாயகி: கியோட்டோ, 1927

எதைப் பற்றிய பதிவு இது

1927 மார்ச் கடைசியில், நிக்காட்சு என்ற ஜப்பானிய சினிமாக் கம்பெனி கியோட்டோவில் எடுத்துக்கொண்டிருந்த ஒரு பெரிய படம் பாதியில் நின்றது. கதாநாயகியும் கதாநாயகனும் ஒரே நாளில் காணாமல் போயிருந்தார்கள். பத்திரிகைகள் அதை ஓடிப்போன ஜோடியின் கதையாக எழுதித் தீர்த்தன. இன்றும் அந்தச் சம்பவம் பெரும்பாலும் காதல் கதையாகவே சொல்லப்படுகிறது. ஆனால் அதில் ஒரு வேலைத்தலத் தகராறும் இருந்தது. வேலை பிடிக்காமல், அல்லது வேலையில் அவமானப்பட்டு, ஒரு பெண் வெளியேற நினைத்தால் அன்றைய ஸ்டூடியோவில் அவளுக்கு என்ன வழி இருந்தது என்பதைப் பார்க்க இதைவிடத் தெளிவான சம்பவம் எனக்குக் கிடைக்கவில்லை.

மையத்தில் இருப்பவர்களின் பெயர்களைத் தவிர்த்திருக்கிறேன். ஜப்பானிய சினிமா தெரிந்தவர்கள் சில வரிகளிலேயே கண்டுபிடித்துவிடுவார்கள், அதில் ரகசியம் ஒன்றும் இல்லை. இந்த நடிகையின் பெயரைச் சொன்னதுமே பேச்சு 1938இல் அவர் நாட்டு எல்லையைத் தாண்டிய கதைக்குப் போய்விடுகிறது. அதற்குப் பதினோரு ஆண்டு முன்னால் நடந்ததை யாரும் நின்று பார்ப்பதில்லை. பெயரை விட்டதற்கு அதுதான் காரணம்.

பின்னணி: பெண் வேடம் பெண்களிடம் வந்த விதம்

ஜப்பானிய சினிமா மேடையின் பிள்ளையாகத்தான் பிறந்தது. கபுகி என்ற பழைய மேடை நாடகத்திலும், அதற்குப் பின் வந்த ஷின்பா நாடகத்திலும் பெண் வேடம் போட்டவர்கள் ஆண்கள். ஒன்னகாதா என்று அழைக்கப்பட்ட அந்த நடிகர்கள்தான் 1910களில் திரையிலும் மனைவியாக, மகளாக, விருந்துகளில் ஆடிப் பாடும் கெய்ஷாவாக வந்தார்கள். திரைக்குப் பக்கத்தில் பென்ஷி என்ற கதைசொல்லி நின்று எல்லோருக்கும் குரல் கொடுத்தார். பெரும்பாலான கொட்டகைகளில் பெண்ணின் உடலும் ஆணுடையது, குரலும் ஆணுடையது. 1917இல் டோக்கியோ காவல்துறை கொண்டுவந்த விதிப்படி பார்வையாளர் இடத்தில்கூட ஆணும் பெண்ணும் தனித்தனியாக உட்கார வேண்டும்.

இது மாறியதற்குப் பெண் முன்னேற்றச் சிந்தனை மட்டும் காரணம் இல்லை. அமெரிக்கப் படங்கள் வந்து குவிந்தன. கேமரா முகத்துக்கு அருகில் போக ஆரம்பித்தது. மேடையில் இருபதடி தள்ளி அழகாகத் தெரிந்த பெண் வேடம், அண்மைக் காட்சியில் நிற்கவில்லை. காயெரியாமா நொரிமாசா எடுத்து 1919இல் வெளியான படத்தில் ஹனாயாகி ஹருமி என்ற மேடை நடிகை நடித்தார். 1920இல் ஷோச்சிகு கம்பெனி டோக்கியோவின் காமதாவில் ஸ்டூடியோ திறந்தபோது ஆரம்பத்திலேயே நடிகைகளை எடுத்தது. அடுத்த ஆண்டு அறிமுகமான குரிஷிமா சுமிகோ நாடறிந்த நட்சத்திரமானார்.

டோக்கியோவில் இருந்த நிக்காட்சுவின் முகோஜிமா ஸ்டூடியோ மட்டும் பெண் வேடக்காரர்களை விடாமல் பிடித்துக்கொண்டிருந்தது. கடைசியில் அதுவும் மாற நினைத்தபோது, 1922 இறுதியில், பெண் வேடக்காரர்கள் உட்படப் பத்துக்கும் மேற்பட்ட நடிகர்கள் கூட்டாக வெளியேறிப் போட்டிக் கம்பெனி ஒன்றுக்குப் போனார்கள். இதைக் குறித்துக்கொள்ள வேண்டும். அவர்கள் கூட்டமாகப் போனார்கள், போக இன்னொரு கம்பெனி இருந்தது, அந்தப் போக்கைக் கலை நிலைப்பாடாகவும் தொழில் தகராறாகவும்தான் எல்லோரும் பார்த்தார்கள். யாருடைய வீட்டுக் கதையும் அதில் இழுக்கப்படவில்லை.

அப்புறம் 1923 செப்டம்பர் 1 நிலநடுக்கம். டோக்கியோ, யோகோஹாமா எரிந்து போயின. நிக்காட்சு தன் வேலையைக் கியோட்டோவின் தைஷோகுன் ஸ்டூடியோவுக்குக் கொண்டுபோனது. நடிகைகள் சொந்த ஊரையும் பழகிய நாடக உலகத்தையும் விட்டு, கம்பெனியைத் தவிர யாரையும் தெரியாத ஊருக்கு வந்து சேர்ந்தார்கள்.

சட்டம் என்ன சொன்னது என்பதையும் பார்த்துவிடலாம். 1898 சிவில் சட்டப்படி, கல்யாணமான பெண் முக்கியமான ஒப்பந்தங்களுக்குக் கணவனின் அனுமதி வாங்க வேண்டும். குற்றவியல் சட்டப்படி, கணவனைத் தவிர வேறொருவருடன் உறவு கொண்ட மனைவிக்கு இரண்டு ஆண்டு வரை சிறை. கணவன் கல்யாணமாகாத பெண்ணோடு உறவு கொண்டால் தண்டனை இல்லை. இந்த விதி 1947 வரை இருந்தது. முன்பணம் வாங்கி விலைமாதர் விடுதியில் சேர்க்கப்பட்ட பெண்ணை வலுக்கட்டாயமாக அங்கே வைத்திருக்க முடியாது என்று 1900இல் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது. ஆனால் அவள் பேரில் அப்பா வாங்கிய கடன் அப்படியே நின்றது. போகலாம், ஆனால் கடனோடு போக வேண்டும். பஞ்சாலைகளில் பெண்களின் இரவு வேலைக்குத் தடை நடைமுறைக்கு வந்ததே 1929இல்தான். நகரத்தில் புதிதாக முளைத்த கஃபேக்களில் பரிமாறிய பெண்களுக்குச் சம்பளம் என்று பெரிதாக எதுவும் கிடையாது, வாடிக்கையாளர் தரும் டிப்ஸில்தான் பிழைப்பு.

இந்த மாதிரிப் பெண்கள்தான் அன்றைய மௌனப் படக் கதைகளின் கதாநாயகிகள். கெய்ஷா, விற்கப்பட்ட மகள், கஃபே பரிசாரகி, தம்பியைப் படிக்க வைக்க உடம்பை விற்கும் அக்கா. கொட்டகையில் கைக்குட்டை நனைய அழவைத்த இந்தக் கதைகள்தான் கம்பெனிகளுக்குப் பணம் கொட்டின.

நடிகையின் முன்கதை

1902இல் ஹிரோஷிமாவில் பிறந்தவர். அப்பா பத்திரிகைக்காரர். டோக்கியோவில் பெண்களுக்கான கலைப் பள்ளியில் ஓவியம் படித்தார், அங்கிருந்து புதிய நாடக இயக்கத்துக்குள் போனார். இருபது வயதுக்கு முன்பே சக நடிகர் ஒருவரால் தாயானார். அந்தப் பிள்ளை அவருடைய பெற்றோரின் பிள்ளையாக, அவருக்குத் தம்பியாக வளர்ந்தது. அன்றைய வழக்கப்படி அது குடும்ப மானத்தைக் காப்பாற்றும் ஏற்பாடு. நடிகைக்கும் அது வேலையைத் தொடர விட்ட ஏற்பாடுதான், அதை மறுக்க முடியாது.

பிறகு தான் சேர்ந்திருந்த நாடகக் குழுவின் மூத்த நடிகர் ஒருவரோடு, பதிவுத் திருமணம் இல்லாமல், வாழ ஆரம்பித்தார். அந்தக் குழு நிக்காட்சுவோடு ஒப்பந்தம் செய்துகொண்டபோது அதோடு இவரும் சினிமாவுக்கு வந்தார். முதல் படம் 1923இல். 1925இல் கியோட்டோவில் நடித்த ஒரு படம் பெரும் பேர் வாங்கியது. அதன் இயக்குநர் அந்தப் படத்தை ஐரோப்பாவுக்குக் கொண்டுபோய்க் காட்டினார். ஜப்பானியப் படத்தை வெளிநாட்டில் காட்டுவது அப்போது அபூர்வம். நடிகையின் முகம் சினிமாப் பத்திரிகைகளில் இடம்பிடித்தது.

அதாவது 1927இல் அவர் புதுமுகம் இல்லை. 25 வயதுகூட நிரம்பாத உச்ச நட்சத்திரம். ஆனாலும் அவர் வேலைக்குச் சேர்ந்தது குழுவின் வழியாக, வாழ்ந்தது குழுவின் மூத்த ஆளோடு, நடித்தது அதே இயக்குநரிடம் திரும்பத் திரும்ப. எந்தப் பக்கம் முறித்துக்கொண்டாலும் மற்றப் பக்கங்களும் ஆட்டம் காணும்படிதான் அவர் வாழ்க்கை அமைந்திருந்தது.

சம்பவம்: 1927 மார்ச்

படம், அலெக்சாண்டர் தூமா மகன் எழுதிய கமேலியா நாவலின் ஜப்பானிய வடிவம். பாரிஸ் விலைமகள் ஒருத்தி, காதலனுடைய குடும்பத்தின் மானத்துக்காக அவனை விட்டு விலகி, நோயில் சாகிற கதை. இயக்கியவர் 1925 படத்தை எடுத்த அதே இயக்குநர். புதிய நாடகத்திலிருந்து வந்தவர், கண்டிப்பானவர் என்று பெயர் எடுத்தவர். கதாநாயகன், பரோன் பட்டம் உள்ள ஒரு ராணுவக் குடும்பத்தின் வாரிசு.

வெளிப்புறப் படப்பிடிப்பு நடந்துகொண்டிருந்த நாட்களில் நடிகையும் கதாநாயகனும் வேலையை விட்டுவிட்டுப் போய்விட்டார்கள். கம்பெனிக்கு முன்கூட்டிச் சொல்லவில்லை.

ஏன் போனார்? பிற்காலத்தில் வந்த விவரங்களில் இரண்டு காரணங்கள் திரும்பத் திரும்ப வருகின்றன. ஒன்று, படப்பிடிப்பில் இயக்குநர் தன்னை நடத்திய விதம். வேடிக்கை பார்க்கக் கூடிய ஜனங்களுக்கு முன்னால் தன் நடிப்பைக் கடிந்துகொண்டது அவரைப் புண்படுத்தியது. இரண்டு, கூட வாழ்ந்த மூத்த நடிகரோடு இருந்த வாழ்க்கை தாங்க முடியாததாகிவிட்டது. கதாநாயகன் மேல் உண்டான அன்பு மூன்றாவது. பத்திரிகைகள் மூன்றாவதை மட்டும் எடுத்துக்கொண்டன. ஆண்டு முழுக்க விற்கும் சரக்கு அது.

கவனித்தவை

முதலில், முறையிட இடம் இல்லை. இயக்குநர் மேல் குறை இருந்தால் ஒரு நடிகை யாரிடம் சொல்வது? ஸ்டூடியோ தலைமைக்கு இயக்குநர் மதிப்புள்ள சொத்து, படத்தின் தரத்துக்கே அவர்தான் பொறுப்பு. நடிகர்களுக்கென்று பேசக்கூடிய சங்கம் எதுவும் இல்லை. வீட்டில் சொல்லலாம் என்றால், வீட்டில் இருந்தவரும் அதே தொழிலில் அதே வட்டத்தில் இருந்தவர். அந்த நிலையில் சொல்லாமல் கிளம்பிப் போனது அவசர புத்தி மட்டும் என்று எனக்குப் படவில்லை. சொல்லிவிட்டுப் போகும் வழி திறந்திருக்கவே இல்லை.

அடுத்தது, போக இன்னொரு கம்பெனி இல்லை. பெரிய கம்பெனிகள் ஒருவர் நட்சத்திரத்தை இன்னொருவர் இழுக்கக் கூடாது என்று தங்களுக்குள் ஒப்பந்தம் செய்துகொண்டிருந்த காலம் அது. ஒரு கம்பெனியில் முறித்துக்கொண்டவருக்கு மற்ற வாசல்களும் சாத்தப்படும். இந்தக் கட்டுப்பாடு ஆண்களுக்கும் பொருந்தும்தான். ஆனால் ஆண்கள் அதைத் தாண்டினார்கள். வாள்சண்டைப் படங்களின் நாயகன் பந்தோ சுமாசபுரோ 1925இல் சொந்தக் கம்பெனி தொடங்கினார். 1928இல் மகினோ கம்பெனியிலிருந்து கதாநாயகர்கள் வரிசையாக வெளியேறினார்கள். கதாவோகா சியேசோ, அராஷி கான்ஜுரோ போன்றவர்கள் சொந்தத் தயாரிப்பில் இறங்கினார்கள். பணம் போட ஆள் கிடைத்தது, படத்தைத் திரையிடக் கொட்டகை கிடைத்தது. அவர்கள் யாருடன் வாழ்ந்தார்கள் என்பதை வைத்து யாரும் அவர்களுடைய தொழிலை எடைபோடவில்லை. அதே பத்தாண்டில் கம்பெனியை விட்டுப் போன நடிகைக்கு மூலதனமும் கிடைக்கவில்லை, கொட்டகையும் கிடைக்கவில்லை.

கடைசியாக ஒன்று, இதுதான் என்னை அதிகம் உறுத்துகிறது. அந்தக் கம்பெனி எடுத்துக்கொண்டிருந்த கதை எது என்று பாருங்கள். காதலனின் அப்பா வந்து, குடும்ப மானத்துக்காக விலகிப்போ என்று கேட்கும் பெண்ணின் கதை. கேமராவுக்கு வெளியே ஒரு பரோன் குடும்பமும், ஒரு கம்பெனியும், பத்திரிகைகளும் அந்த அப்பாவின் வேலையைக் கச்சிதமாகச் செய்தன. கதாநாயகி விலகி இருமிச் சாகும்போது அழத் தயாராக இருந்த அதே ஜனங்கள், நடிகை விலக மறுத்தபோது சிரித்தார்கள்.

எடுக்கப்பட்ட முடிவுகள்

கம்பெனி வேகமாக முடிவெடுத்தது. படத்தைக் கைவிடவில்லை. நடிகையின் இடத்தில் நட்சுகாவா ஷிசுயே என்ற இளம் நடிகையைப் போட்டு எடுத்து, அதே ஆண்டில் வெளியிட்டார்கள். வியாபாரக் கணக்கில் பார்த்தால் தப்பு சொல்ல முடியாது. விளம்பரம் ஏற்கனவே போயிருந்தது, கொட்டகைகளுக்கு வாக்குக் கொடுத்திருந்தார்கள். ஓடிப்போன செய்தியே பெரிய விளம்பரமாகவும் ஆகிவிட்டது. மாற்று நடிகைக்கு அது வாழ்க்கையின் பெரிய வாய்ப்பு, அவர் மேல் எந்தக் குறையும் சொல்ல இடமில்லை. ஆனால் ஒரு கதாநாயகியை எவ்வளவு சுலபமாக மாற்ற முடியும் என்பதை ஸ்டூடியோவில் இருந்த மற்ற நடிகைகள் எல்லோரும் அந்த வாரம் கண்ணால் பார்த்தார்கள்.

கம்பெனியின் இரண்டாவது முடிவு, இருவரையும் விலக்கியது. படப்பிடிப்பில் என்ன நடந்தது, இயக்குநரின் நடத்தை சரியா என்ற கேள்விக்கே போகவில்லை. அதற்குத் தேவையும் இருக்கவில்லை. ஊர் முழுக்க நடிகையின் ஒழுக்கத்தைப் பற்றிப் பேசும்போது கம்பெனியின் ஒழுக்கத்தைப் பற்றி யார் கேட்கப் போகிறார்கள்?

பரோன் குடும்பமும் தன் முடிவை எடுத்தது. வாரிசாக இருந்தவர் பட்டத்துக்கான உரிமையை இழந்தார். ஆக ஆணும் விலை கொடுத்தார். அவர் இழந்தது பிறப்பால் வந்த ஒன்று, அவள் இழந்தது உழைத்துச் சேர்த்த ஒன்று.

நடிகையின் முடிவுகள் மூன்று. திரும்பிப் போய் மன்னிப்புக் கேட்டுக் கேமரா முன் நிற்கவில்லை. கதாநாயகனைத் திருமணம் செய்துகொண்டார். சினிமா வாசல் மூடியதும் தன் பெயரிலேயே ஒரு நாடகக் குழு தொடங்கி ஊர் ஊராகப் போனார். ஜப்பானுக்குள் மட்டும் இல்லை, தைவான், கொரியா, மஞ்சூரியா வரை. இந்த மூன்றாவது முடிவை நான் மிக முக்கியமாகப் பார்க்கிறேன். பத்திரிகைகள் கெடுத்த அந்தப் பெயரைத்தான் அவர் விளம்பரப் பலகையில் போட்டு டிக்கெட் விற்றார். வேடிக்கை பார்க்க வந்தவர்களும் காசு கொடுத்துத்தான் வந்தார்கள்.

தொடர்ந்தது: காமதாவில் இரண்டாம் வருகை

சில ஆண்டுகள் கழித்து, 1930களின் ஆரம்பத்தில், ஷோச்சிகுவின் காமதா ஸ்டூடியோ அவரைத் திரும்பச் சினிமாவுக்குக் கொண்டுவந்தது. முழுப் பேசும்படம் 1931இல் ஜப்பானில் வெற்றி பெற்றுவிட்டது. ஆனாலும் பென்ஷிகளின் செல்வாக்கினாலும், கொட்டகைகளில் ஒலிக் கருவி பொருத்தும் செலவினாலும் மௌனப் படங்கள் 1930களின் நடுவரை எடுக்கப்பட்டன. அவருக்குக் கிடைத்த மிக நல்ல வேடங்கள் அந்தக் கடைசி மௌன ஆண்டுகளில் வந்தவை. இளம் நாயகி வேடங்கள் இல்லை, அடிபட்ட பெண்களின் வேடங்கள்.

1933இல் இயக்குநர் யாசுஜிரோ ஓசு எடுத்த ‘டோக்கியோவின் பெண்’ 47 நிமிடப் படம். இவர் அதில் அக்கா. பகலில் அலுவலகத்தில் டைப்பிஸ்ட். தம்பியின் படிப்புச் செலவுக்காக இரவில் மதுக்கடைப் பெண்ணாகவும், அதற்கு மேலும் போகிறார். போலீஸ் விசாரிக்க ஆரம்பிக்கிறது, செய்தி தம்பியின் காதலி வழியாகத் தம்பிக்கு எட்டுகிறது. அந்தக் காதலியாக நடித்தவர் தனகா கினுயோ. தம்பி அக்காவை அறைகிறான், வெளியே போய் உயிரை விடுகிறான். அவன் உடலுக்கு முன்னால் அக்கா அழுகிறாள், கூடவே கோபப்படவும் செய்கிறாள்: இதற்காகவா செத்தாய், இவ்வளவு கோழையா நீ என்கிற கோபம். அதுவரை வந்த தியாகக் கதைகளில் செத்தவனுக்கு முன்னால் பெண் குற்றவாளியாகத்தான் நிற்பாள். இந்த அக்கா அப்படி நிற்கவில்லை.

படத்தின் முடிவில் நிருபர்கள் வருகிறார்கள். சாவைப் பற்றி விசாரிக்கிறார்கள், பெரிய செய்தியாகத் தேறாது என்று கண்டுகொண்டு தெருவில் நடந்து போகிறார்கள். 1927இல் பத்திரிகைகள் துரத்திய நடிகைதான் இந்தப் படத்தின் நாயகி என்பது அன்றைய பார்வையாளருக்குத் தெரிந்திருக்கும். ஓசு அதை நினைத்துத்தான் அந்த முடிவை வைத்தார் என்று என்னால் சொல்ல முடியாது. ஆனால் அவரை அந்த வேடத்துக்கு எடுத்த கம்பெனிக்கு, அவருடைய பழைய கதை படத்துக்குள் வேலை செய்யும் என்பது தெரியாமல் இருந்திருக்காது.

1935இல் வந்த ‘டோக்கியோவில் ஒரு விடுதி’ இன்னும் வறண்ட உலகம். தொழிற்சாலைகள் நிறைந்த வெறும் பொட்டலில், வேலை தேடி இரண்டு பையன்களோடு அலையும் ஒருவன். அதே பொட்டலில் சிறு மகளோடு அலையும் ஒரு விதவை, அவர்தான் நம் நடிகை. குழந்தைக்கு வயிற்றுக்கடுப்பு நோய் வருகிறது, மருத்துவச் செலவுக்கு அவர் சாராயக் கடையில் பரிமாறப் போகிறார். நாயகன் முதலில் அவளைக் கண்டிக்கிறான், அப்புறம் காரணம் தெரிந்து அவளுக்காகத் திருடுகிறான். வசனம் இல்லாத, இசை மட்டும் சேர்த்த படம். அதில் அவர் நடிப்பில் நட்சத்திரப் பளபளப்பு எதுவும் இல்லை. பொட்டலில் குழந்தையோடு உட்கார்ந்திருக்கும் விதத்திலேயே அடுத்த வேளைக்கு வழி இல்லை என்பது தெரிகிறது.

ஆக, கம்பெனிகள் அவரை விலக்கியது உண்மை, திரும்ப எடுத்ததும் உண்மை. எப்படி எடுத்தார்கள் என்பதுதான் விஷயம். ஊர் அவரைப் பற்றி நினைத்ததற்குப் பொருத்தமான வேடங்களாகப் பார்த்து எடுத்தார்கள். அவர் அந்த வேடங்களுக்குள் போய், ஊர் நினைத்ததற்கு எதிராக நடித்துக் காட்டினார்.

அதே காலத்தில் வேறு வழியில் போனவர்கள்

ஒப்பிட இரண்டு பேரை மட்டும் சொல்கிறேன். நடிகை வெளியேறிய அதே 1927இல் நிக்காட்சுவில் சேர்ந்தவர் இரியே தாகாகோ, பிரபு வம்சத்துப் பெண். அவர் 1932இல் தன் பெயரில் தயாரிப்புக் கம்பெனி தொடங்கினார். இயக்குநர் கென்ஜி மிசோகுச்சி 1933இல் எடுத்த ‘தாகி நோ ஷிராயிதோ’ அந்தக் கம்பெனியின் படம். தண்ணீர் வித்தை காட்டும் ஒருத்தி ஓர் இளைஞனைப் படிக்க வைக்கிறாள், பணத்துக்காக நடந்த தகராறில் கொலை செய்கிறாள், கடைசியில் அவன் அரசுத் தரப்பு வழக்கறிஞராக அவளுக்கு எதிராகவே நிற்கிறான். உழைத்து ஆணைக் கரையேற்றிவிட்டுத் தான் மூழ்கும் கதையை, மூழ்காத ஒரு நடிகை தன் கணக்கில் தயாரித்தார். பிறப்பு கொடுத்த பாதுகாப்பு அதற்கு உதவியிருக்கும்.

இன்னொருவர் கேமராவுக்குப் பின்னால் இருந்தவர். சகானே தசுகோ, மிசோகுச்சியின் குழுவில் பல ஆண்டுகள் உதவியாளராக இருந்து, 1936இல் தன் முதல் படத்தை இயக்கினார். ஜப்பானில் கதைப்படம் இயக்கிய முதல் பெண். அதற்குப் பிறகு உள்நாட்டு ஸ்டூடியோக்கள் அவருக்கு இன்னொரு கதைப்படம் கொடுக்கவில்லை. ஒழுக்கமாக, வரிசையில் நின்று, சொன்ன வேலையைச் செய்தவருக்குக் கிடைத்தது இது. எனவே 1927இல் நடிகை பொறுமையாக இருந்திருந்தால் எல்லாம் சரியாகியிருக்கும் என்று சொல்பவர்களிடம் இந்த உதாரணத்தைக் காட்டலாம்.

1938க்குப் பிறகு

திருமணம் நிலைக்கவில்லை. 1930களின் நடுவில் நடிகை மீண்டும் மேடைக்குப் போனார், அங்கே இடதுசாரி நாடக இயக்குநர் ஒருவரோடு சேர்ந்தார். போலீஸ் கெடுபிடி கூடிக்கொண்டே போன காலம். 1938 ஜனவரி 3 அன்று, எல்லைக் காவலர்களுக்கு ஆறுதல் சொல்ல வந்த கலைஞர்கள் என்ற பேரில், பாதி ஜப்பானிடமும் பாதி சோவியத்திடமும் இருந்த சகாலின் தீவின் எல்லைச் சாவடிக்குப் போய், பனியில் இருவரும் சோவியத் பக்கம் கடந்துவிட்டார்கள். அங்கே வரவேற்பு கிடைக்கவில்லை. உளவாளிகள் என்று கைது செய்து, சித்திரவதை செய்து, வாக்குமூலம் வாங்கினார்கள். அந்த நாடக இயக்குநர் 1939 அக்டோபரில் சுட்டுக் கொல்லப்பட்டார். நடிகைக்குப் பத்தாண்டுத் தண்டனை. முகாமிலிருந்து, அந்த வாக்குமூலம் பொய், மறுபடி விசாரியுங்கள் என்று மனு எழுதினார். 1947இல் விடுதலை. பிறகு மாஸ்கோ வானொலியின் ஜப்பானியப் பிரிவில் வேலை, நாடகப் படிப்பு, இன்னொரு திருமணம். 1972இல் ஜப்பானுக்கு வந்தார், மேடையிலும் திரையிலும் மறுபடி நடித்தார், 1986இல் மாஸ்கோவுக்கே திரும்பி 1992இல் அங்கே இறந்தார்.

இந்தப் பகுதியைத்தான் எல்லோரும் எழுதுகிறார்கள், நான் வேகமாகக் கடந்துவிட்டேன். ஒன்றை மட்டும் சொல்ல வேண்டும். 1938ஐயும் பத்திரிகைகள் ‘காதலனோடு எல்லை தாண்டிய நடிகை’ என்றுதான் எழுதின. 1927இல் போட்ட அச்சு அப்படியே தயாராக இருந்தது. நாட்டை விட்டுப் போகும் அளவுக்கு நாடகக்காரர்களை எது நெருக்கியது என்ற கேள்வி, முதல் தடவை ஸ்டூடியோவைப் பற்றிய கேள்வி மறைந்ததைப் போலவே மறைந்தது.

எதை மாற்றியிருக்கலாம், எதை மாற்றலாம்

அன்று கம்பெனி செய்திருக்கக்கூடியது அசாத்தியமான ஒன்றும் இல்லை. படப்பிடிப்பை ஒரு வாரம் நிறுத்தி, இயக்குநருக்கும் நடிகைக்கும் நடுவில் மூன்றாவது ஆள் ஒருவரை வைத்துப் பேசியிருக்கலாம். மாற்று நடிகையைப் போட முடிந்த கம்பெனிக்கு அந்தத் தாமதத்தைத் தாங்க முடியாமல் போயிருக்காது. நடிகையை விலக்குவதாக இருந்தாலும், மற்றக் கம்பெனிகளின் கதவை அடைக்காமல் விலக்கியிருக்கலாம். வெளியே போகும் வழி நேராக இருந்திருந்தால், ராத்திரியோடு ராத்திரியாகப் போக வேண்டிய அவசியம் பாதியாவது குறைந்திருக்கும். மீதிப் பாதி வீட்டுச் சிக்கல், அதைக் கம்பெனி தீர்த்திருக்க முடியாது.

இந்தச் சம்பவத்தைப் பதிவு செய்கிற நாம் மாற்ற வேண்டியது வேறு. ஒரு நடிகை வேலையை விட்டுப் போனால், அவர் யாரோடு போனார் என்பதற்கு முன்னால் மூன்று விவரங்களைத் தேட வேண்டும்: அன்று தளத்தில் என்ன நடந்தது, ஒப்பந்தம் யார் கையில் இருந்தது, போன பிறகு எத்தனை நாள் கழித்து எங்கே சம்பாதித்தார். இந்த நடிகையின் விஷயத்தில் மூன்றாவதற்குப் பதில் தெளிவாகக் கிடைக்கிறது, ஊர் ஊராகப் போன நாடகக் குழுவும் காமதா படங்களும் இருக்கின்றன. முதல் இரண்டும் அரைகுறையாகத்தான் கிடைக்கின்றன, ஏனென்றால் அவற்றை யாரும் அன்று கேட்டு எழுதி வைக்கவில்லை.

படம் பார்க்கும் முறையிலும் ஒரு மாற்றம் உதவும். 1920களின் ஜப்பானியப் படங்களில் பெரும்பாலானவை நிலநடுக்கத்திலும், தீயிலும், போரிலும், அலட்சியத்திலும் அழிந்துவிட்டன. மிஞ்சிய 1930களின் மௌனப் படங்களைப் பார்க்கும்போது பெண்ணின் கண்ணீரைவிடப் பணம் கைமாறும் காட்சிகளைக் கவனியுங்கள்: யார் யாருக்குக் கொடுக்கிறார், எண்ணிக் கொடுக்கிறாரா, மடித்துக் கொடுக்கிறாரா, வாங்குகிறவர் நிமிர்ந்து பார்க்கிறாரா. ‘டோக்கியோவின் பெண்’ணில் அக்கா காலையில் தம்பிக்குச் செலவுக்குப் பணம் கொடுக்கிறாள், அவன் சாதாரணமாக வாங்கிக்கொள்கிறான். அது எங்கிருந்து வருகிறது என்று படத்தில் முதலில் கேட்பவர்கள் போலீஸ்காரர்கள்.